கனவைக் கேட்டவள்

புறநானூற்றின் 243ஆம் பாட்டை ஆண்டுதோறும் வகுப்பில் நடத்துகிறேன். தொடித்தலை விழுத்தண்டினார் பாடியது. கோலூன்றி நடுங்கி, இருமலுக்கு இடையே சில சொற்களை மட்டும் பேச முடிகிற ஒரு கிழவர் தன் சின்ன வயதை நினைத்துக்கொள்கிறார். ஈரமணலில் பாவை செய்து பூச்சூட்டிய பெண்களோடு கைகோத்துக் குளத்தில் ஆடியது, நீரின் மேல் சாய்ந்த மருதமரத்தில் ஏறிக் கரையில் நிற்பவர்கள் திகைக்கத் தொபீரென்று குதித்தது, ஆழத்தில் மூழ்கி அடிமணலை அள்ளி வந்து காட்டியது. அந்த இளமை இப்போது எங்கே இருக்கிறதோ என்று கேட்கிறார். வகுப்பில் எப்போதும் எடுபடுகிற பாட்டு. கிணற்றிலோ வாய்க்காலிலோ குதித்து வளர்ந்த பிள்ளைகள் பாதியிலேயே சிரிக்கத் தொடங்கிவிடுவார்கள்.

சென்ற ஆண்டு கடைசி வரிசையிலிருந்து ஒரு மாணவி கேட்டாள். "கூட ஆடின பொண்ணுங்களும் இப்போ கிழவி ஆயிருப்பாங்கல்ல மேடம்? அவங்க பாடினது எங்க இருக்கு?"

ஆசிரியத் தொழிலில் உள்ளவர்களுக்குத் தெரியும், பதில் தெரியாதபோது வாய் தானாக மேற்கோள் சொல்லத் தொடங்கும். பாரி மகளிரின் 112ஆம் பாட்டைச் சொன்னேன். போன மாத நிலவையும் இந்த மாத நிலவையும் அருகருகே வைத்து, அன்று இருந்த தந்தையையும் மலையையும் நினைக்கிற பாட்டு. காவற்பெண்டைச் சொன்னேன், மகன் எங்கே என்று கேட்டதற்குத் தன் வயிற்றைப் புலி தங்கிப்போன குகை என்கிறாள். காக்கைபாடினியார் நச்செள்ளையாரின் பாட்டில் வரும், நரம்பெழுந்து மெலிந்த தோளுடைய முதியவளைச் சொன்னேன். அவள் களத்தில் பிணங்களைப் புரட்டி மகனைத் தேடுகிறவள். ஒக்கூர் மாசாத்தியாரின் பாட்டில் வருகிறவள் தந்தையைப் போரில் இழந்து, கணவனை இழந்து, மிஞ்சிய ஒரே மகனையும் அனுப்புகிறாள். சொல்லி முடித்தபோது எனக்கே காதில் விழுந்தது: தந்தை, கணவன், மகன். அந்த மாணவி இதைச் சுட்டிக்காட்டவில்லை. மரியாதைக்காகப் பேசாமல் இருந்தாள் என்றுதான் நினைக்கிறேன்.

குளத்தில் கைகோத்து ஆடிய தோழிகளை நினைத்துக்கொள்ளும் ஒரு கிழவி சங்கப் புறப்பாட்டில் எனக்குக் கிடைக்கவில்லை. கிழவருக்குத் தன் இளமையைத் தன் இளமையாகவே நினைக்கும் உரிமை இருக்கிறது. அவருடைய நினைவு எந்த உறவுக்கும் கணக்குக் காட்ட வேண்டியதில்லை. பெண்ணின் நினைவோ யாருக்காவது கடன்பட்டதாகவே வருகிறது. அகத்திலும் நிலைமை பெரிதாக வேறுபடவில்லை. இரங்கல் நெய்தலுக்கு உரிப்பொருள். கடற்கரையில் அமர்ந்து இரங்குகிறவள் தலைவி, அவள் இரங்குவது தலைவனுக்கு. தோழிதான் அகப்பாடல்களில் ஓயாமல் பேசுகிறவள். தலைவியின் மெலிவையும் ஊரின் அலரையும் தலைவனின் காலதாமதத்தையும் அவள்தான் எடுத்துச் சொல்ல வேண்டும். திருமணம் ஆன பிறகு அந்தத் தோழி என்ன ஆனாள், தலைவி அவளை நினைத்தாளா என்று ஒரு துறை வகுக்கப்படவில்லை.

இதனால் வந்த வினை, பெண் எதையாவது நினைத்து வருந்துகிறாள் என்றால் உடனே அங்கே ஓர் ஆணைத் தேடும் வாசிப்புப் பழக்கம் நமக்குப் படிந்துவிட்டது. ஜெயகாந்தனின் கங்கா இதற்குப் பெரிய எடுத்துக்காட்டு. 1966இல் ஆனந்த விகடனில் வந்த ‘அக்கினிப் பிரவேசம்’ கதையில் தாய் மகளின் தலையில் தண்ணீரை ஊற்றி, நீ சுத்தமாகிவிட்டாய் என்கிறாள். 1970இல் நூலாக வந்த ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலில் தாய் அப்படிச் செய்யாமல் கூச்சலிட்டிருந்தால் என்ன ஆகும் என்று தொடர்கிறார். படித்து, வேலைக்குப் போய், சொந்தக்காலில் நிற்கிற ஒருத்தி, அத்தனைக்கும் பிறகு அந்த மழைநாளின் காரோட்டியைத் தேடித்தான் போகிறாள். நாவலின் துணிச்சலை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் பக்கம் பக்கமாக நீளும் அவளுடைய நினைவில் மனதில் நிற்கும்படி ஒரு தோழி இல்லை என்பதை இத்தனை ஆண்டு விவாதங்களில் யாரும் ஒரு குறையாகச் சொல்லி நான் கேட்டதில்லை. நானும் சொன்னதில்லை.

இனி என் கதைக்கு வருகிறேன். என் முதல் கவிதைத் தொகுப்பு வந்தபோது அதில் பதினேழு கவிதைகள் ‘நீ’ என்று விளித்துப் பேசுபவை. மதிப்புரை எழுதியவர்கள் எல்லோரும் அவற்றைக் காதல் தோல்விக் கவிதைகள் என்றார்கள். ஒருவர் ‘கைவிட்டுப்போன ஆணின் மீதான நாகரிகமான கோபம்’ என்று எழுதினார். கூட்டமொன்றில், அந்தப் பாக்கியசாலி யார் என்று ஒரு பெரியவர் மேடையிலேயே கேட்டார். நான் சிரித்தேன். என் கணவர் தொகுப்பைப் படித்துவிட்டுப் பெருந்தன்மையாக ஒன்றும் கேட்காமல் இருந்துவிட்டார். கேட்டிருக்கலாம்.

தமிழில் ‘நீ’க்குப் பால் கிடையாது. வந்தாய், போனாய், சிரித்தாய் என்று வினைமுற்றும் காட்டிக்கொடுக்காது. படர்க்கையில் அவன், அவள் என்று தெரிந்துவிடும்; முன்னிலையில் எத்தனை பேரை வேண்டுமானாலும் ஒளித்துவைக்கலாம். என் பதினேழு கவிதைகளில் பதினான்கு, விடுதியில் என்னோடு ஓர் அறையில் மூன்று ஆண்டுகள் இருந்த ஒரு பெண்ணுக்கு எழுதியவை. வாசகர்கள் தவறாகப் படித்தார்கள் என்று பழி சொல்ல எனக்கு வாயில்லை. தவறாகப் படிப்பார்கள் என்று தெரிந்தேதான் நான் ‘நீ’ போட்டேன். காதலித்து ஏமாந்தவள் என்ற பெயர் ஒரு கவிஞருக்கு நட்டமில்லை. தோழியைக் காட்டிக்கொடுத்தவள் என்ற பெயரோடு எந்த மேடையில் உட்காருவது?

காட்டிக்கொடுத்தேன் என்பது பெரிய சொல். நடந்தது சின்னது. இருவரும் முனைவர்பட்ட ஆய்வாளர்கள். அவள் தெற்கத்திப் பெண், என்னைவிட நன்றாகப் படிப்பாள். என் கவிதைகளை முதலில் படித்து முதலில் கிழித்துப்போட்டவள். ஒருநாள் இரவு விளக்கணைத்த பிறகு பேச ஆரம்பித்தாள். துறையில் மூத்தவர் ஒருவர் இயலைத் திருத்துகிறேன் என்று எல்லோரும் போன பிறகு வரச்சொல்வதையும், நாற்காலியை எங்கே இழுத்துப் போடுகிறார் என்பதையும், தனக்கு அந்த வராந்தாவில் நடக்கும்போதே வயிறு புரள்வதையும் சொன்னாள். நான் கேட்டுக்கொண்டிருந்தேன். அப்புறம் ஆலோசனை சொன்னேன். தனியாகப் போகாதே, என்னையோ வேறு யாரையோ கூட்டிக்கொண்டு போ. துப்பட்டாவைப் பின் பண்ணிக்கொள். இன்னும் ஒரு வருடம்தான், பல்லைக் கடித்துக்கொண்டு முடித்துவிடு. வெள்ளிக்கிழமை வேண்டுமானால் கோயிலுக்குப் போய்விட்டு வருவோம், உனக்கு இப்போது நேரம் சரியில்லை. அந்த மாதம் நான் ஒரு கருத்தரங்குக்குப் பெண்ணியக் கட்டுரை தயாரித்துக்கொண்டிருந்தேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

பணியிடத்தில் பெண்கள் மீதான பாலியல் தொல்லை குறித்து உச்சநீதிமன்றத்தின் விசாகா தீர்ப்பு 1997இலேயே வந்திருந்தது. எங்கள் விடுதியில் யாருக்கும் அது தெரியாது. சட்டம் வர 2013 ஆயிற்று. இன்று நான் வேலைசெய்யும் கல்லூரியின் உள்ளகப் புகார்க் குழுவில் நானும் ஓர் உறுப்பினர். ஆலோசனை சொல்லாமல் கேட்பது எப்படி என்று அங்கே எங்களுக்கு ஒரு பயிற்சியே கொடுத்தார்கள். அப்போது தெரியவில்லை என்று நான் சொல்வது உண்மைதான். ஆனால் அது முழு உண்மை இல்லை. அந்த மூத்தவர் என் வாய்மொழித் தேர்விலும் உட்கார வேண்டியவர். அதை நான் அன்று இருட்டில் படுத்தபடியே கணக்கிட்டேன்.

சில மாதங்களில் அவள் ஆய்வைச் சமர்ப்பிக்காமல் கிளம்பிவிட்டாள். அவளுக்கு எவனோடோ தொடர்பு, அதனால்தான் படிப்பைவிட்டுப் போனாள் என்று துறையில் பேசிக்கொண்டார்கள். நான் மறுத்துப் பேசவில்லை. எனக்குப் பட்டம் கிடைத்தது. அவளும் இரண்டு கடிதம் எழுதினாள், நான் ஒன்றுக்குப் பதில் போட்டேன். பிறகு பதினான்கு கவிதைகள்.

சிலப்பதிகாரம் என்றால் நம் பாடத்திட்டங்களில் வழக்குரை காதைதான். வஞ்சிக் காண்டத்து வாழ்த்துக் காதையை விரும்பிப் படித்தவர்கள் குறைவு. அடியார்க்குநல்லார் உரையும் அந்தக் காண்டத்துக்குக் கிடைக்கவில்லை. பெயரிலேயே வாழ்த்து இருப்பதால், சேரனையும் பத்தினியையும் புகழ்கிற பகுதி என்று தாண்டிப் போய்விடுகிறோம். நானும் முனைவர்பட்டம் வாங்கும்வரை அப்படித்தான் தாண்டினேன். அந்த மாணவியின் கேள்வி உறுத்திக்கொண்டிருந்த நாட்களில் மறுபடி எடுத்தேன். அங்கே தேவந்தி நின்றுகொண்டிருந்தாள்.

தேவந்தி நமக்குப் புகார்க் காண்டத்தின் கனாத்திறம் உரைத்த காதையில் அறிமுகமாகிறாள். பாசண்டச் சாத்தன் என்ற தெய்வம் மனித உருவில் வாழ்ந்து அவளுக்குக் கணவனாகவும் இருந்து, ஒருநாள் தன் மூப்பில்லாத வடிவத்தைக் காட்டி, என் கோயிலுக்கு வா என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறது. ஊருக்கு அவன் தீர்த்தமாடப் போயிருக்கிறான். அவனை மீட்டுத் தா என்று வேண்டும் சாக்கில் இவள் கோயிலுக்குப் போய் வருகிறாள். இப்படி ஊரிடம் சொல்ல முடியாத ஒன்றை வைத்துக்கொண்டிருப்பவள், அறுகும் பூளையும் நெல்லும் தூவிக் கண்ணகிக்காக வேண்டிக்கொண்டு, நீ கணவனைப் பெறுவாயாக என்று வாழ்த்துகிறாள். அப்போது கண்ணகி தன் கனவைச் சொல்கிறாள். கணவன் கைப்பிடித்து அழைத்துப் போகிறான். ஒரு பெரிய ஊர். அங்குள்ளவர்கள் தேளைத் தூக்கிப் போட்டாற்போல ஒரு பழியைப் போடுகிறார்கள். கோவலனுக்குத் தீங்கு என்று கேட்டு நான் அரசன் முன் வழக்குரைத்தேன். அரசனுக்கும் ஊருக்கும் கேடு வந்தது. அதற்குப் பிறகு நாங்கள் அடைந்ததைச் சொன்னால் உனக்குச் சிரிப்பு வரும்.

தேவந்தி சொல்லும் பதில் என்ன? உன் கணவன் உன்னை வெறுக்கவில்லை. போன பிறவியில் கணவனுக்காக நோற்க வேண்டிய ஒரு நோன்பைத் தவறவிட்டாய். காவிரி கடலில் கலக்கும் இடத்தில் சோமகுண்டம், சூரியகுண்டம் என்று இரண்டு பொய்கைகள் இருக்கின்றன. அவற்றில் மூழ்கிக் காமவேளைத் தொழுதால் கணவனோடு இன்புற்றிருக்கலாம், வா, ஒருநாள் ஆடுவோம். அது பெருமையில்லை என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். இந்த மறுப்பைக் கற்பின் பெருமைக்குச் சான்றாகக் காட்டாத மேடை தமிழ்நாட்டில் இல்லை. எனக்கு இப்போது கண்ணகியைவிடத் தேவந்திதான் முக்கியமாகப் படுகிறாள். கனவில் ஊர் இருக்கிறது, பழி இருக்கிறது, அரசன் முன் வாதாடுவது இருக்கிறது. தேவந்தியின் காதில் விழுந்தது கணவன் மட்டும். தனக்கு எது இல்லையோ அதைத் தோழியின் கனவுக்குள் வைத்து, அதற்கு மருந்து சொன்னாள். பெண்ணின் பேச்சு எதுவானாலும் ஆணைப் பற்றியது என்று படித்த முதல் திறனாய்வாளர் என்று அவளைச் சொல்வேன். எனக்கு வாய்த்த மதிப்புரையாளர்கள் பின்னால் வந்தவர்கள்.

காப்பியம் அவளை அங்கேயே விட்டுவிடவில்லை. கோவலன் இறந்து மதுரை எரிந்த செய்தி கேட்டு, தேவந்தியும் காவற்பெண்டும் அடித்தோழியும் புகாரிலிருந்து கிளம்பி மதுரைக்கு வந்து, அங்கே மாதரியின் மகள் ஐயையைச் சேர்த்துக்கொண்டு, வையைக் கரைவழியே நடந்து மலையேறிச் சேரநாட்டுக்குப் போகிறார்கள். பெண்கள் மட்டுமே சேர்ந்து, இறந்துபோன ஒரு பெண்ணைத் தேடிப் போகும் இப்படியொரு நெடும்பயணம் நம் பழைய இலக்கியத்தில் வேறெங்கும் இருப்பதாக எனக்கு நினைவில்லை. தலைவனைத் தேடி நடந்த பெண் உண்டு. வெள்ளிவீதியைப் போல நானும் போகத் துணிந்தேன் என்று ஔவையார் அகநானூறு 147இல் ஒரு தலைவியைச் சொல்லவைக்கிறார். தோழியைத் தேடி நடந்தவர்கள் இவர்கள்தாம். செங்குட்டுவன் முன்னால் நின்று தேவந்தி தன்னை அறிமுகப்படுத்திக்கொள்ளும்போது இன்னாருடைய மனைவி என்று சொல்வதில்லை, அதுவும் தெய்வமே கணவனாக இருந்தும். நான் அவளுக்குத் தோழி என்கிறாள். சோழநாட்டுப் பெண்ணுக்குத் தோழி என்று மறுபடியும் சொல்கிறாள்.

பிறகு அரற்றுகிறாள். அரற்றில் முதலில் வருவது கோவலன் சாவு இல்லை, மதுரை எரிந்தது இல்லை. கெட்ட கனவைக் கேட்ட அன்று எனக்கு அது முழுதாக விளங்கவில்லையே, என்ன செய்துவிட்டேன் என்பதுதான். அதைச் சொன்ன பிறகுதான், உன் தாய் இறந்ததைக் கேட்டாயா தோழி, மாமியார் இறந்ததைக் கேட்டாயா என்று ஊர்ச் செய்திகளுக்குப் போகிறாள். அடித்தோழி தன் முறை வரும்போது, அயலார் பேசிய ஏச்சைக் கேட்டு மாதவி துறவு பூண்டதைச் சொல்கிறாள். எனக்கு அந்த ‘அயலார் ஏச்சு’ என்ற இடத்தில் புத்தகத்தை மூடிவைக்க வேண்டியிருந்தது.

இந்தக் காப்பியத்தில் ஆண்களும் வருந்துகிறார்கள். கொலைக்களக் காதையில் கோவலன் தன் பழைய வாழ்க்கையை நினைத்துக் கண்ணகியிடம் நொந்துகொள்கிறான், அன்றே கொல்லப்படுகிறான். பாண்டியன் தன் தவறை உணர்ந்த அந்த இடத்திலேயே விழுந்து இறக்கிறான். வருந்திய கையோடு செத்துப்போவது ஒருவகையில் வசதி. தேவந்திக்கு அது வாய்க்கவில்லை. பத்தினிக் கோட்டத்தில் நாள்தோறும் பூசை செய்யும் பொறுப்பை அவளிடம் செங்குட்டுவன் ஒப்படைக்கிறான். விளங்கிக்கொள்ளாமல் விட்டவளின் சிலைக்குக் காலையும் மாலையும் அவள்தான் பூப்போட வேண்டும். அதைப் பேறு என்று உரைகாரர்கள் சொல்லக்கூடும். அந்த வேலையின் கனத்தை யோசித்துப் பார்த்தேன்.

அரற்றுகளுக்குப் பிறகு கண்ணகி தெய்வ உருவில் தோன்றிப் பேசுகிறாள். பாண்டியன் குற்றமற்றவன் என்கிறாள், நான் அவன் மகள் என்கிறாள். கனவைப் பற்றி ஒரு சொல் இல்லை. மன்னித்தேன் என்றும் இல்லை. முருகனின் குன்றில் விளையாடுவதை நான் விடமாட்டேன், தோழிகளே, நீங்கள் எல்லோரும் என்னோடு வாருங்கள் என்கிறாள். அதன்பின் அம்மானை, பந்து, ஊசல், வள்ளைப்பாட்டு என்று விளையாட்டுப் பாடல்களாகவே வருகின்றன. கடைசி வரிசை மாணவிக்கு இந்தப் பகுதியைத்தான் படியெடுத்துக் கொடுத்தேன். கிழவிகள் பாடியது இல்லை, ஆனால் குளத்துக்குப் பக்கத்தில் எங்கோ இருக்கிறது என்று சொன்னேன். அவள் திருப்தியானதாகத் தெரியவில்லை.

எனக்கும் கண்ணகியின் பதில் போதவில்லை. தெய்வமானவள் எதையும் விட்டுக்கொடுக்கலாம். என் தோழி தெய்வம் ஆகவில்லை. ஒரு சிறுநகரத்தில் பள்ளி ஆசிரியராக இருக்கிறாள். எண்ணை விசாரித்து வாங்கி, பத்து நாள் கையில் வைத்திருந்து, ஒரு ஞாயிறு பிற்பகல் கூப்பிட்டேன். குரலை உடனே கண்டுகொண்டாள். நான் அந்த இரவைச் சொன்னேன், நான் கொடுத்த ஆலோசனைகளை ஒவ்வொன்றாகச் சொன்னேன், துப்பட்டாவைக்கூட விடவில்லை. ‘நீ’ என்று எழுதியதையும் சொன்னேன். இருபது வருடமாகச் செப்பம் செய்த வாக்கியங்கள், நன்றாகவே வந்தன. மறுமுனையில் குக்கர் சத்தம் கேட்டது.

"ஏட்டி, அந்த ராத்திரி எனக்கு ஞாபகமே இல்ல பாத்துக்கோ" என்றாள். "நான் யார்கிட்ட என்ன சொன்னேன்னே அப்போ எனக்குத் தெரியாது. நீ என்ன சொல்லியிருந்தாலும் நான் போயிருப்பேன்." கொஞ்சம் நிறுத்தினாள். "நான் காலி பண்ணுன அன்னைக்கு நீ காலையிலேயே லைப்ரரிக்குப் போயிட்ட. பெட்டிய ஒரு பக்கம் பிடிக்க ஆள் இல்ல. மூணு மாடி இழுத்துக்கிட்டே இறக்குனேன். படிக்குப் படி அது விழுற சத்தம் இருக்குல்லா, அதுதான் ஞாபகம் இருக்கு."

நூலகத்துக்குப் போனதை நான் மறந்தே போயிருந்தேன். பதினான்கு கவிதைகளில் ஒன்றிலும் பெட்டி இல்லை. இருபது ஆண்டுகளாக நான் வருந்தியது, எனக்கு வசதியான, ஆழமான, எழுதத் தகுந்த ஒரு குற்றத்துக்காக. கனவைக் கேட்ட நாளைத் தேவந்தி தேர்ந்தெடுத்ததுபோல. கண்ணகிக்கு அந்தக் கனவைச் சொன்னது நினைவிருந்ததா, புகாரைவிட்டுக் கிளம்பிய இரவில் தோழி வந்து நிற்கவில்லை என்பது நினைவிருந்ததா என்று இளங்கோ சொல்லவில்லை.

இதை எழுதலாமா என்று அவளிடம் கேட்டேன். பேரும் ஊரும் போடாதே, மற்றதை எழுதிக்கொள் என்றாள். பிறகு என் பிள்ளைகளைப் பற்றி விசாரித்தாள், மாவட்ட மாறுதல் கிடைக்காததைப் பற்றி ரொம்ப நேரம் பேசினாள். வைக்கும் முன்னால் கேட்டேன், அந்தத் தகரப்பெட்டி இன்னும் இருக்கிறதா என்று.

"இருக்கு. ஒரு மூலை நசுங்கிப்போச்சு. அரிசி போட்டு வச்சிருக்கேன்."